அனாமத்துக் கணக்கில் ஒரு அம்மா

உங்கள் வீட்டில் கம்ப்யூட்டரே கதி என்று கிடக்கும் பையன் யாராவது இருந்தால், போய் 'லிலித் யாருப்பா?' என்று கேட்டுப் பாருங்கள். நான் கேட்டேன். அக்கா மகன். இன்ஜினீயரிங் மூன்றாம் வருடம். ராத்திரி பதினோரு மணி. ஹெட்போனை ஒரு காதிலிருந்து மட்டும் நகர்த்தி, திரையிலிருந்து கண்ணை எடுக்காமல் சொன்னான்:

'எல்லாரும் இவள வில்லிங்கறாங்க மாமா. அப்படியெல்லாம் இல்ல. இவ அம்மா.'

திரையை எட்டிப் பார்த்தேன். தலையில் கிடா மாதிரி முறுக்கிய இரண்டு பெரிய கொம்புகள். முதுகில் வௌவாலுக்கு இருப்பது போலத் தோல் இறக்கை. சுண்ணாம்பு வெளுப்பில் முகம். அம்மாவாம்!

விளையாட்டின் பெயர் டயாப்ளோ. 1990களில் ஆரம்பித்து, பாகம் பாகமாக வளர்ந்துகொண்டிருக்கும் வரிசை. ப்ளிஸார்ட் என்கிற அமெரிக்க கம்பெனியின் சரக்கு. நாலாவது பாகம் 2023 ஜூனில் வந்தது. அதில் அட்டைப்படமே லிலித்தான்.

கதையைக் கொஞ்சம் கேளுங்கள். அப்புறம்தான் சரித்திரம்.

சொர்க்கத்துக்கும் நரகத்துக்கும் ஓயாத சண்டை. எப்போது ஆரம்பித்தது, எப்போது முடியும், ஒருத்தருக்கும் தெரியாது. இதில் சலித்துப்போன இனாரியஸ் என்ற தேவதூதனும், நரகத்து ராஜாக்களில் ஒருவனான மெஃபிஸ்டோவின் மகள் லிலித்தும் கை கோக்கிறார்கள். இரண்டு பக்கத்திலும் சண்டை பிடிக்காதவர்களைச் சேர்த்துக்கொண்டு, யார் கண்ணுக்கும் படாமல் ஒரு தனி உலகத்தை உண்டாக்கிக் குடியேறுகிறார்கள். குழந்தைகள் பிறக்கின்றன. அங்கேதான் வில்லங்கம். அப்பன், ஆத்தா இரண்டு பேரையும்விடப் பலசாலிகளாக இருக்கின்றன பிள்ளைகள். கூட வந்தவர்களுக்கு உதறல் எடுக்கிறது. விஷயம் சொர்க்கத்துக்கோ நரகத்துக்கோ தெரிந்தால் எல்லோருக்கும் சங்கு. குழந்தைகளைக் கொன்றுவிடலாம் என்று பேச்சு கிளம்புகிறது. இனாரியஸ், யோசித்துச் சொல்கிறேன் என்று ஒதுங்கிக்கொள்கிறான்.

லிலித் யோசிக்கவில்லை. கொல்லலாம் என்று சொன்ன அத்தனை பேரையும் தீர்த்துக் கட்டினாள்.

அதற்குத் தண்டனை, சூனிய வெளிக்கு நாடு கடத்தல். கடத்தியவன் புருஷன்தான். பிறகு அவனே பிள்ளைகளின் சக்தியைப் படிப்படியாக வற்றவும் வைத்தான். அப்படி வற்றிப்போன வம்சம்தான் மனிதர்களாகிய நாம் என்பது இந்த விளையாட்டின் புராணம். நாலாம் பாகத்தில் அவள் திரும்பி வருகிறாள். அவனோ கோயில் கட்டி 'பிதா' என்ற பெயரில் பூஜை வாங்கிக்கொண்டிருக்கிறான். சொந்த மகன் ராத்மாவையே கொல்கிறான். ஆனால் ஆடுகிற உங்களுக்கு ஒப்படைக்கப்பட்ட வேலை என்ன? லிலித்தைக் கொல்வது.

அதற்காக அவள் அப்பழுக்கற்றவள் என்று நினைத்துவிடாதீர்கள். அவள் கால் வைத்த ஊரில் மனிதர்களுக்கு உள்ளே இருக்கிற அசிங்கம் எல்லாம் வெளியே வருகிறது. ஒரு கிராமத்தில் ஜனங்களே சேர்ந்து பாதிரியாரை அடித்துக் கொல்கிறார்கள். பிள்ளைகளைக் காப்பாற்றியதிலும் ஒரு கணக்கு இருக்கிறது. சொர்க்கம், நரகம் இரண்டையும் அடிக்க ஒரு படை வேண்டும் அவளுக்கு. அம்மாவும் அவள்தான், தளபதியும் அவள்தான். பையன் சொன்னது பாதி சரி.

இந்தப் பெயரை ப்ளிஸார்ட்காரர்கள் சொந்தமாகக் கண்டுபிடிக்கவில்லை. இரவல். சுமார் நாலாயிரம் வருடப் பழைய சரக்கு.

இடம், இன்றைய ஈராக். அந்தக் காலத்து சுமேரியா, பாபிலோனியா. சுமேரிய மொழியில் 'லில்' என்றால் காற்று. அங்கே காற்றோடு காற்றாக அலையும் ஆவிகளுக்கு லிலு, லிலித்து, அர்தத் லிலி என்று பெயர்கள் உண்டு. கவனியுங்கள், இதெல்லாம் ஒரு ஆளின் பெயரே கிடையாது. நாம் பேய், பிசாசு என்று சொல்கிற மாதிரி ஒரு வகையின் பெயர். இவற்றில் அர்தத் லிலி யார் தெரியுமா? கல்யாணம் ஆகாமல், ஆண் துணை அறியாமல், பிள்ளை பெறாமல் செத்துப்போன சின்னப் பெண். வாழாத வாழ்க்கையைத் தேடி ஜன்னல் வழியாக இளைஞர்களிடம் வருவாளாம். பயப்படுவதா, பாவம் என்பதா?

குழந்தையைக் கொல்கிற பேய் அப்போது வேறு ஒருத்தி. பெயர் லமாஷ்து. சிங்கத் தலை. கால்களில் பறவை நகம். ஒரு மார்பில் பன்றிக்குட்டியும் மறு மார்பில் நாய்க்குட்டியும் பால் குடித்துக்கொண்டிருக்கும். பிரசவ வீட்டுக்கு ஏழு பொருத்தம் அவளுக்கு. அவளை விரட்ட, அவளைவிட பயங்கரமான பஸுஸு என்ற ஆண் பிசாசின் தலையைத் தாயத்தாகச் செய்து கர்ப்பிணிகள் கட்டிக்கொண்டார்கள். 1973ல் வந்து உலகத்தையே அலற வைத்த 'எக்ஸார்சிஸ்ட்' படத்தில் பஸுஸுதான் வில்லன். பாபிலோனியத் தாய்மார்கள் பார்த்திருந்தால் கோபித்துக்கொண்டிருப்பார்கள். அவர்களுக்கு அவன் காவல்காரன்.

காலப்போக்கில் லமாஷ்து மறைந்தாள். அவள் பார்த்துவந்த வேலை லிலித்தின் தலையில் விழுந்தது.

நான் படித்தது பி.காம். சரித்திரத்துக்குள் வேலியேறிக் குதித்து வந்தவன். ஆனால் இந்த இடத்தில் பி.காம். உதவுகிறது. டிரையல் பேலன்ஸ் போடுவோம். பற்றும் வரவும் டேலி ஆகாது. தப்பு எங்கே என்று தெரியாது. விடியும்வரை தேடியும் கிடைக்காவிட்டால், வித்தியாசத் தொகையை ஒரு தனித் தலைப்பில் போட்டுவிட்டு மேலே போவோம். இங்கிலீஷில் சஸ்பென்ஸ் அக்கவுண்ட். நம் மளிகைக்கடைக் கணக்குப்பிள்ளை பாஷையில் அனாமத்து. தப்பு கண்டுபிடிக்கப்பட்ட அன்றைக்கு அந்தக் கணக்கை மூடிவிட வேண்டும் என்பது விதி.

நேற்று பால் குடித்த குழந்தை இன்றைக்கு இல்லை. காரணம் தெரியாது. பழைய உலகத்தில் பிறந்ததில் நாலில் ஒன்று, ஒரு வயதுகூட எட்டாது என்பது ஆராய்ச்சியாளர்களின் பொது மதிப்பீடு. அவ்வளவு பெரிய தொகையை எந்தத் தலைப்பில் எழுதுவது? லிலித் என்று ஒரு தலைப்பு காலியாக இருந்தது.

இதை ஏதோ ஆண்கள் கூடிச் செய்த சதி என்று சுலபமாகச் சொல்லிவிட முடியாது. ஆதாரம், மண்ணுக்குள்ளிருந்து கிடைத்தது.

1888-89ல் அமெரிக்காவின் பென்சில்வேனியா பல்கலைக்கழகத்துக்காரர்கள் ஈராக்கில் நிப்பூர் என்ற இடத்தைத் தோண்டினார்கள். பழைய வீடுகளின் தரைக்கு அடியில் மண் கிண்ணங்கள் கிடைத்தன. கஞ்சி குடிக்கிற கிண்ணம் அளவு. எல்லாம் கவிழ்த்து வைக்கப்பட்டிருந்தன. திருப்பிப் பார்த்தால் உள்பக்கம் முழுக்க மசியில் எழுத்து, சுருள் சுருளாக. பல கிண்ணங்களில் நடுவே ஒரு படம். பரட்டைத் தலையும் காலில் விலங்கும் போட்ட உருவம். ஜேம்ஸ் மான்ட்கோமரி என்ற அறிஞர் 1913ல் இவற்றைப் படித்துப் புத்தகமாகப் போட்டார். இன்று இப்படிப்பட்ட கிண்ணங்கள் இரண்டாயிரத்துக்கு மேல் தெரியவந்திருக்கின்றன. காலம் சுமார் கி.பி. 5 முதல் 8ஆம் நூற்றாண்டு வரை.

வாசற்படிக்குக் கீழே, அறை மூலையில் என்று பார்த்துப் பார்த்துப் புதைத்திருக்கிறார்கள். எலிப்பொறி தத்துவம்தான். வருகிற பேய் கிண்ணத்துக்குள் மாட்டிக்கொள்ளும். எழுத்து உள்ளே இருப்பதன் காரணமும் அதுவே. படிக்க வேண்டியவள் உள்ளே இருப்பாள்.

என்ன எழுதியிருந்தது? இங்கேதான் எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. மந்திரம் இருக்கும் என்று நினைப்பீர்கள். மந்திரமும் உண்டு. ஆனால் பல கிண்ணங்களில் இருப்பது விவாகரத்துப் பத்திரம்!

லாஜிக் இதுதான். இரவில் வீட்டுக்கு வந்து போகும் லிலித், கனவில் வீட்டுக்காரனோடு கூடி, தன்னை அவன் பெண்டாட்டியாகவே நினைத்துக்கொள்கிறாள். அதனால்தான் உண்மையான மனைவியையும் அவள் பெற்ற பிள்ளைகளையும் அழிக்கப் பார்க்கிறாள். ஆக, இது பேய்ப் பிரச்னை இல்லை, குடும்பப் பிரச்னை. சட்டப்படித் தீர்த்துவிடலாம். யூதச் சட்டத்தில் மனைவியைத் தள்ளிவைக்க 'கெட்' என்ற பத்திரம் எழுதிக் கையில் கொடுக்க வேண்டும். அதையே லிலித்துக்கும் எழுதினார்கள். பல நூற்றாண்டு முன்னால் வாழ்ந்த யோசுவா பென் பெரஹியா என்ற ரபியின் பெயரைச் சாட்சிக்கு இழுத்து, பத்திரம் உனக்குச் சேர்ந்துவிட்டது, இனி இந்தப் படி ஏறாதே என்று முடித்தார்கள்.

யூதர்கள் மட்டுமில்லை. மாண்டேயர்கள், கிறிஸ்தவர்கள், பாரசீகப் பெயர் கொண்டவர்கள் எல்லோரும் கிண்ணம் எழுதி வாங்கியிருக்கிறார்கள். எழுதி வாங்கியவர் பெயர் கிண்ணத்தில் இருக்கும். இன்னார் மகன், இன்னார் மகள் என்று. ஆனால் அந்த 'இன்னார்' அப்பா பெயர் இல்லை. பெரும்பாலும் அம்மா பெயர்தான். வீட்டுக்காரி பயந்திருக்கிறாள். காசு கொடுத்திருக்கிறாள். தரையைத் தோண்டிப் புதைத்திருக்கிறாள். அவளுடைய பயத்தை நாம் ஏளனம் செய்ய முடியுமா என்ன?

சரி, வேதப் புத்தகத்தில் லிலித் இல்லையா என்று கேட்பீர்கள். ஒரே ஒரு இடம். ஏசாயா 34ஆம் அதிகாரம், 14ஆம் வசனம். ஏதோம் தேசம் பாழாகி, அங்கே என்னென்ன ஜந்துக்கள் குடியேறும் என்கிற பட்டியலில் போகிற போக்கில் அந்தப் பெயர் வருகிறது. 1611ல் வந்த ஆங்கில பைபிள்காரர்கள் அதை ஆந்தையாக்கினார்கள். தமிழில் சாக்குருவி. வீட்டில் தமிழ் பைபிள் இருந்தால் பிரித்துப் பாருங்கள், பறவை வேஷத்தில் உட்கார்ந்திருப்பாள். யூதர்களின் தால்முத் நூலிலும் நாலே நாலு இடம்தான். நீள முடி, இறக்கை, தனியாகத் தூங்குகிறவனைப் பிடித்துக்கொள்வாள், அவளுக்கு ஒரு மகன் உண்டு. அவ்வளவே. ஆதாமின் மனைவி என்று ஒரு வார்த்தை கிடையாது.

பிறகு அந்தக் கதை எங்கிருந்து வந்தது?

ஒரு நையாண்டிப் புத்தகத்திலிருந்து!

'பென் சீராவின் அரிச்சுவடி' என்பது அதன் பெயர். எழுதியவர் யார் என்று தெரியாது. காலம் கி.பி. 8க்கும் 10க்கும் நடுவே. பென் சீரா என்ற அதிமேதாவிச் சிறுவனை பாபிலோன் ராஜா நேபுகாத்நேச்சார் கேள்வி கேட்பான், பையன் பதில் சொல்வான். தெனாலிராமன் கதை மாதிரி வைத்துக்கொள்ளுங்களேன். ராஜாவின் மகளுக்கு இருந்த வாயுத் தொல்லைக்கு வைத்தியம் பார்ப்பதுகூட அதில் ஒரு கதை. பெரியவர்களும் தீர்க்கதரிசிகளும் சகட்டுமேனிக்குக் கிண்டலடிக்கப்படுகிறார்கள். பயபக்தியோடு படிக்க வேண்டிய புத்தகம் இல்லை என்று சொல்ல வருகிறேன்.

ராஜாவின் மகனுக்கு உடம்பு சரியில்லை. பென் சீரா மூன்று தேவதூதர்களின் பெயர்களை எழுதித் தாயத்து கட்டுகிறான். யார் இவர்கள் என்கிறான் ராஜா. அதற்கு பதில்தான் லிலித் கதை. கடவுள் ஆதாமை மண்ணால் செய்தார். அதே மண்ணால் ஒரு பெண்ணையும் செய்தார். அவள் லிலித். வந்த நாளே சண்டை. படுக்கையில் நீதான் கீழே என்றான் அவன். ஒரே மண்ணில் பிறந்த நாம் இருவரும் சமம், நான் ஏன் கீழே என்றாள் அவள். பேசிப் பார்த்தாள், பிரயோசனமில்லை. கடவுளின் ரகசியப் பெயரை உச்சரித்து ஆகாயத்தில் பறந்து போய்விட்டாள். ஆதாம் போய்ப் புகார் கொடுத்தான். மூன்று தூதர்கள் துரத்திக்கொண்டு வந்து கடல் நடுவே பிடித்தார்கள். திரும்பி வா, வராவிட்டால் தினமும் உன் குழந்தைகளில் நூறு சாகும் என்றார்கள்.

அவள் வரவில்லை. ஆண் குழந்தைக்கு எட்டு நாள், பெண் குழந்தைக்கு இருபது நாள் வரை என் அதிகாரம், ஆனால் உங்கள் பெயரைத் தாயத்தில் பார்த்தால் தொடமாட்டேன் என்று சத்தியம் செய்து கொடுத்தாள். தினம் நூறு சாவதற்கும் ஒப்புக்கொண்டாள்.

ஆதியாகமத்தின் முதல் அதிகாரத்தில் ஆணும் பெண்ணும் ஒன்றாகப் படைக்கப்படுகிறார்கள். இரண்டாம் அதிகாரத்தில் விலா எலும்பிலிருந்து ஏவாள் வருகிறாள். அப்படியானால் முதலில் வந்தவள் எங்கே போனாள் என்று ரபிகள் ரொம்ப நாளாகவே மண்டையைக் குடைந்துகொண்டிருந்தார்கள். கதை அந்த ஓட்டையில் கச்சிதமாகப் பொருந்தியது. விளைவு, சிரிக்க எழுதியது சீரியஸாகிவிட்டது. 1701ல் ஆம்ஸ்டர்டாமில் அச்சான 'ராசியேல்' மந்திரப் புத்தகத்தில் அந்த மூன்று தூதர்களின் தாயத்து இருக்கிறது. 20ஆம் நூற்றாண்டு வரைக்கும் யூதர்களின் பிரசவ அறைச் சுவர்களில் அது ஒட்டப்பட்டது.

எல்லோரும் 'நான் ஏன் கீழே' என்ற இடத்தில் நின்றுவிடுகிறார்கள். எனக்கு அந்த நூறுதான் உறுத்துகிறது. ஒரு நாளைக்கு நூறு குழந்தைகளைப் பறிகொடுக்கிறவள் அவள். அதைப் பற்றிக் கதை சொன்னவன் ஒரு வரிகூட நின்று பேசவில்லை. தாயத்துக் கட்டிய தாய்மாரும் பேசவில்லை. அவர்கள் பிள்ளை பிழைத்தால் போதும் அவர்களுக்கு.

அனாமத்துக் கணக்கு என்னவாயிற்று? தாமதமாகத்தான், ஆனால் தப்பு கண்டுபிடிக்கப்பட்டது.

1847ல் வியன்னா பெரியாஸ்பத்திரியில் இக்னாஸ் செம்மல்வைஸ் என்ற டாக்டர், பிரசவ வார்டுக்குள் நுழையும் மாணவர்கள் குளோரின் கலந்த சுண்ணாம்புத் தண்ணீரில் கை கழுவ வேண்டும் என்று உத்தரவு போட்டார். பிணத்தை அறுத்த கையோடு வந்து பிரசவம் பார்த்துக்கொண்டிருந்தார்கள் அதுவரை. அந்த வருடம் ஏப்ரலில் நூற்றுக்குப் பதினெட்டுத் தாய்மார்கள் செத்தார்கள். ஜூனில் இரண்டு. மற்ற டாக்டர்கள் பாராட்டினார்களா? எங்கள் கையா அழுக்கு என்று சண்டைக்கு வந்தார்கள். 1865ல் மனநோய் விடுதியில் செத்தார் அந்த மனுஷர்.

ஸ்காட்லாந்துக்கு மேற்கே செயின்ட் கில்டா என்று ஒரு தீவு. 19ஆம் நூற்றாண்டில் அங்கே பிறந்த குழந்தைகளில் பாதிக்கு மேல் ஒரு வாரத்தில் வெட்டி இழுத்துச் செத்தன. 'எட்டு நாள் வியாதி' என்று பெயரே வைத்திருந்தார்கள். கடவுள் சித்தம் என்று விட்டுவிட்டார்கள். 1890களில் ஆங்கஸ் ஃபிடெஸ் என்ற பாதிரியார் கிருமிநாசினி உபயோகிக்கக் கற்றுக்கொண்டு வந்து தொப்புள்கொடி விஷயத்தில் கண்டிப்பு காட்டினார். சாவு நின்றது. தொப்புள்கொடிப் புண் வழியாக நுழையும் டெட்டனஸ்தான் அது. லிலித்துக்கு ஆண் குழந்தைமேல் எட்டு நாள் அதிகாரம் வந்தது, எட்டாம் நாள் நடக்கும் விருத்தசேதனச் சடங்கை வைத்து. இருந்தாலும் அந்த எட்டையும் இந்த எட்டையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதிப் பார்க்காமல் இருக்க முடியவில்லை.

கொன்றது அவள் இல்லை. மருத்துவர் கையும் தொப்புள்கொடிப் புண்ணில் நுழைந்த கிருமியும்.

கணக்கு மூடப்பட்டதும் பெயர் சும்மா இருந்தது. எடுத்துக்கொள்ள ஆட்கள் வந்தார்கள். 1860களில் ராஸெட்டி என்ற ஆங்கில ஓவியர், கண்ணாடி பார்த்துத் தலை வாரும் செம்பட்டை முடி அழகியாக லிலித்தை வரைந்தார். 1972ல் ஜூடித் பிளாஸ்கோ என்ற யூதப் பெண் அறிஞர் பழைய கதையைப் புதிதாகத் திருப்பினார். அதில் ஏவாள் தோட்டத்துச் சுவர் ஏறிக் குதித்துப் போய் லிலித்தைச் சந்திக்கிறாள். இருவரும் பேசிச் சிரித்து சிநேகிதிகளாகிறார்கள். 1976ல் அமெரிக்க யூதப் பெண்கள் 'லிலித்' என்றே பத்திரிகை ஆரம்பித்தார்கள். 1997ல் சாரா மெக்லாக்லன் என்ற கனடா பாடகி பெண் கலைஞர்களை மட்டும் முன்னிறுத்தி ஊர் ஊராக இசை விழா நடத்தினார். பெயர் லிலித் ஃபேர்.

இதிலெல்லாம் எனக்கு ஆட்சேபம் இல்லை. பிளாஸ்கோ தாம் என்ன செய்கிறோம் என்று தெரிந்தே செய்தவர். ஆனால் அவருக்குப் பின்னால் வந்த கூட்டம் ஒன்று, பைபிளிலிருந்து ஆண்கள் கிழித்தெறிந்த முதல் மனைவி லிலித் என்று சத்தியம் செய்கிறது. பார்த்தீர்கள் அல்லவா? கிழித்தெறிய அங்கே பக்கமே இல்லை. லண்டன் பிரிட்டிஷ் மியூசியத்தில் இறக்கையும் பறவைக் காலுமாக ஒரு பாபிலோனியச் சுடுமண் பெண் சிற்பம் இருக்கிறது. 2003ல் பதினைந்து லட்சம் பவுண்டு கொடுத்து வாங்கினார்கள். லிலித் பற்றிய புத்தக அட்டை என்றால் அந்தப் படம்தான். அவள் இஷ்தார் அல்லது எரெஷ்கிகல் என்ற தெய்வம் என்று அறிஞர்கள் எப்போதோ சொல்லியாகிவிட்டது. கேட்பார் இல்லை.

இன்னொன்றும் உறுத்துகிறது. சமம் கேட்ட லிலித்துக்குக் கை தட்டும்போது, கிண்ணம் புதைத்தவளை மறந்துவிடுகிறோம். அவளும் பெண்தான். அவள் பயந்தது கணவனுக்கு அடங்காத ஒருத்தியைப் பார்த்து அல்ல. தொட்டிலைப் பார்த்து.

டயாப்ளோ எழுதியவர்கள் கிண்ணத்தையெல்லாம் படித்தார்களா, தெரியாது. ஆனால் மற்றவர்கள் விட்ட இடத்தில் தற்செயலாகவோ தெரிந்தோ வந்து நின்றிருக்கிறார்கள். உன் பிள்ளைகள் சாகும் என்று ஒரு கூட்டம் வந்து சொல்கிறது. பழைய கதையில் அவள் ஒப்புக்கொண்டாள். இதில் ஒப்புக்கொள்ளவில்லை.

இதையெல்லாம் அக்கா மகனிடம் ஒரு மணி நேரம் சொன்னேன். ஹெட்போனை இரண்டு காதிலிருந்தும் கழற்றி வைத்துக் கேட்டான் என்பதை இங்கே பெருமையோடு பதிவு செய்கிறேன். பக்கத்து அறையிலிருந்து அக்கா, 'டேய், ரெண்டு பேரும் தூங்கப் போறீங்களா இல்லையாடா?' என்று சத்தம் போட்டாள்.

'நீ அவளைக் கொன்னுட்டியா?' என்று கேட்டேன்.

'போன வாரமே கொன்னுட்டேன் மாமா. வேற வழியே வைக்கல கேம்ல.'

விளக்கை அணைத்தான். திரை மட்டும் எரிந்துகொண்டிருந்தது.

'நூறுன்னா, தினமுமா மாமா?' என்றான் இருட்டில்.

'தினமும்தான்.'